மேட்ரிமோனியில் வரன் பதிவு: உள்ளதை உள்ளபடி எழுத ஒரு வழிகாட்டி

வீட்டில் ஒரு பிள்ளைக்கு வரன் பார்க்கத் தொடங்கி, முதல் முறையாக மேட்ரிமோனி தளத்தில் பதிவு செய்யப் போகிறவர்களுக்காக இதை எழுதுகிறேன். தங்கைக்கு வரன் தேடும் வேலையை அம்மாவும் நானும்தான் பார்த்தோம். பட்ட அலைச்சலில் பாதிக்கு மேல் ஒரே காரணம்தான்: எழுதியிருந்தது ஒன்று, நேரில் வந்தது ஒன்று. சம்பளம் வேறு, வயது வேறு, போட்டோவில் இருந்த முகம் வேறு. லீவு போட்டு, வீட்டைச் சுத்தம் செய்து, பஜ்ஜி கேசரி எல்லாம் செய்து உட்கார்ந்த பிறகு, முதல் நாளே தெரிந்திருக்க வேண்டிய விஷயம் அப்போதுதான் மெல்ல வெளியே வரும்.

புரொஃபைலுக்கு நிறைய 'இன்ட்ரஸ்ட்' (விருப்பம் தெரிவிக்கும் செய்தி) வர வேண்டும் என்றுதான் எல்லாரும் நினைக்கிறார்கள். நான் வேறு மாதிரிச் சொல்வேன். ஒத்துவராதவர்கள் படித்தவுடனே தாங்களாக விலகிப் போகும்படி எழுதுங்கள். மிச்சம் வருகிற நாலு பேரோடு பேச்சு சீக்கிரம் நகரும். கீழே உள்ள படிகள் எல்லாம் அதற்காகத்தான்.

1. யார் எழுதுவது, யார் பேசுவது என்று வீட்டில் முடிவு செய்யுங்கள்

பதிவின் தொடக்கத்திலேயே 'யார் சார்பில் இந்தக் கணக்கு' என்று கேட்பார்கள்: தானே, பெற்றோர், உடன்பிறந்தவர், உறவினர். இதில் உண்மையைப் போடுங்கள். அப்பா நடத்துகிற கணக்கில் 'தானே' என்று போட்டிருந்தால், பையனிடம் பேசுவதாக நினைத்து ஒரு பெண் அனுப்பும் செய்தி அப்பா கைக்குப் போகும். அது இரண்டு பக்கத்துக்கும் சங்கடம்.

பெற்றோர் நடத்தினாலும், கல்யாணம் செய்துகொள்ளப் போகிறவர் எழுதியதைப் படித்துச் சரி என்று சொன்ன பிறகே வெளியிடுங்கள். 'கல்யாணத்துக்குப் பிறகு வேலைக்குப் போக மாட்டாள்' என்று அம்மா எழுதியிருப்பார். பெண் அடுத்த மாதம் புது வேலையில் சேர ஆஃபர் லெட்டர் வாங்கி வைத்திருப்பாள். இப்படி ஒரே வீட்டில் இரண்டு பதில் இருப்பதை எத்தனையோ தடவை பார்த்துவிட்டேன்.

தொடர்புக்கு ஒரு தனி சிம் வாங்கிவிடுவது நல்லது. வங்கிக் கணக்கோடும் ஆதாரோடும் இணைந்த எண்ணைத் தளத்தில் போடவே வேண்டாம்.

2. எழுதும் முன் காகிதங்களை எடுத்து வையுங்கள்

ஞாபகத்தில் இருந்து நிரப்பத் தொடங்கினால்தான் தப்பு வரும். ஒரு மாலை நேரம் ஒதுக்கி இவற்றை ஒரே கோப்பில் சேருங்கள்:

- ஆதார், பான், பாஸ்போர்ட் இருந்தால் அதுவும்
- பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்றிதழ், பட்டச் சான்றிதழ்
- கடைசி மூன்று மாத பே ஸ்லிப், போன வருஷத்து ஃபார்ம் 16 (பிடித்த வருமான வரிக்கு நிறுவனம் தரும் சான்று). சொந்தத் தொழில் என்றால் வருமான வரிக் கணக்கின் நகல்
- ஜாதகம்
- மறுமணம் என்றால் விவாகரத்துத் தீர்ப்பின் சான்றிட்ட நகல், அல்லது முந்தைய துணையின் இறப்புச் சான்றிதழ்
- வெளிநாட்டில் இருப்பவர் என்றால் விசா அல்லது குடியுரிமை அட்டையின் நகல்

இதில் இரண்டு பொறிகள் உண்டு.

ஒன்று பெயர். சான்றிதழில் ஓர் இனிஷியல், ஆதாரில் அப்பா பெயர் முழுதாக, பாஸ்போர்ட்டில் அதே அப்பா பெயர் சர்நேமாக இருக்கும். எதிர்ப்பக்கத்தார் ஆவணம் பார்க்கும்போது 'இது யார் பெயர்?' என்ற கேள்வி வரும். புரொஃபைலில் ஆதாரில் உள்ள பெயரையே போடுங்கள். கூப்பிடும் பெயர் வேறு என்றால் அறிமுகப் பத்தியில் ஒரு வரி எழுதினால் போதும்.

இரண்டாவது பிறந்த தேதி. பள்ளியில் சேர்க்கும்போது வயது போதவில்லை என்று வாத்தியார் போட்டுக் கொடுத்த மே, ஜூன் மாதத் தேதி நம் ஊரில் பலருக்கும் உண்டு. சான்றிதழ் ஒரு தேதி சொல்லும், ஜாதகம் இன்னொரு தேதி சொல்லும். இதில் யாரும் ஏமாற்றவில்லை. ஆனால் சொல்லாமல் விட்டால், ஜாதகம் கைமாறும் அன்று வயதை மறைத்ததாகத்தான் பேச்சு வரும். 'சான்றிதழில் உள்ள தேதியும் உண்மைத் தேதியும் வேறு. ஜாதகத்தில் இருப்பதே சரி' என்று புரொஃபைலிலேயே எழுதிவிடுங்கள். வயது என்ற இடத்தில் உண்மை வயதைப் போடுங்கள்.

பட்டச் சான்றிதழ் இன்னும் கையில் வரவில்லை, அரியர் இருக்கிறது என்றால், 'படித்தது' என்று எழுதாமல் 'முடிக்கவில்லை' என்றே எழுதுங்கள். பல பல்கலைக்கழகச் சான்றிதழ்கள் இப்போது அரசின் டிஜிலாக்கர் செயலியில் கிடைக்கின்றன. எதிர்ப்பக்கத்தார் கேட்டால் கைபேசியிலேயே எடுத்துக் காட்டலாம்.

3. ஜாதகம்: எந்தப் பஞ்சாங்கம் என்று எழுதுங்கள்

ஜாதகம் பார்க்காத வீடு என்றால் இந்தப் பகுதியைத் தாண்டிவிடுங்கள். 'ஜாதகம் பார்ப்பதில்லை' என்று எழுத மட்டும் மறக்காதீர்கள்.

பார்க்கிற வீடு என்றால், முதலில் பிறந்த நேரத்தை உறுதி செய்யுங்கள். பிறப்புச் சான்றிதழில் பெரும்பாலும் நேரம் இருக்காது. மருத்துவமனை டிஸ்சார்ஜ் சம்மரியிலோ, பிரசவ அட்டையிலோ, தாத்தா டைரியிலோ தேடுங்கள். லக்னம் ஏறக்குறைய இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை மாறுகிறது. நவாம்சக் கட்டத்தில் லக்னம் பதின்மூன்று நிமிஷத்துக்கு ஒரு தடவை மாறும். 'காலையில் டிபன் வேளையில் பிறந்தான்' என்பதை வைத்து எழுதிய ஜாதகத்தைத் துல்லியமானது என்று கொடுக்காதீர்கள். 'நேரம் தோராயம்' என்று குறிப்பிட்டால் போதும்.

அடுத்தது வாக்கியமா திருக்கணிதமா என்பது. இரண்டு பஞ்சாங்கத்துக்கும் கணிப்பு முறை வேறு. நட்சத்திரம் மாறும் வேளையில் பிறந்தவர்களுக்கு ஒன்றில் ஒரு நட்சத்திரமும் மற்றதில் அடுத்ததும் வரும், ராசியும் மாறலாம். எதைக் கொண்டு கணித்தது என்று எழுதாவிட்டால், அவர்கள் வீட்டு ஜோசியர் வேறு கட்டம் போட்டுப் பார்த்து, ஜாதகத்தையே திருத்திவிட்டார்கள் என்று நினைத்துக்கொள்வார்.

உண்மையாகவே திருத்துகிறவர்களும் இருக்கிறார்கள். செவ்வாய் தோஷம் தெரியாதபடி நேரத்தை நகர்த்தி எழுதித் தருவதாகச் சிலர் பணம் வாங்குகிறார்கள். தயவுசெய்து அந்தப் பக்கம் போகாதீர்கள். பிறந்த தேதியும் நேரமும் ஊரும் கொடுத்தால் கைபேசிச் செயலியே கட்டம் போட்டுவிடுகிற காலம் இது. தோஷம் உள்ள ஜாதகத்துக்குத் தோஷம் உள்ள ஜாதகத்தையே தேடுகிற வீடுகள் ஏராளம். நீங்கள் மறைத்தால் அவர்களுக்கும் உங்களைக் கண்டுபிடிக்க வழியில்லை.

4. போட்டோ

நாலு போட்டோ போதும். முகம் நேராகத் தெரிகிற ஒன்று, தலை முதல் கால் வரை நிற்கிற ஒன்று, வீட்டிலோ வெளியிலோ சாதாரண உடையில் ஒன்று, விசேஷ உடையில் ஒன்று. எல்லாம் கடைசி ஆறு மாதத்துக்குள் எடுத்ததாக இருக்கட்டும். கண்ணாடி போடுகிறவர் என்றால் முதல் படம் கண்ணாடியோடு. முன்நெற்றி ஏறியிருந்தால் தொப்பி வேண்டாம். தாடி எடுத்துவிட்டீர்களா, படத்தையும் மாற்றுங்கள். கும்பலாக நிற்கிற படம், கூலிங் கிளாஸ் படம், கல்யாண வீட்டில் பக்கத்தில் நிற்பவரை வெட்டி எடுத்த படம் எதுவும் வேண்டாம்.

தங்கையோடு ஸ்டுடியோவுக்குப் போனபோது, எடுத்த படத்தைத் திரையில் போட்டு வைத்துக்கொண்டு ஸ்டுடியோக்கார அண்ணன் கேட்டார்: "கொஞ்சம் ஏத்தி விடட்டுமாக்கா? மேட்ரிமோனிக்குன்னா எல்லாரும் ஏத்தித்தான் கேக்குறாங்க." கேட்டுக்கொண்டே மவுஸை நகர்த்தினார். அவள் கன்னத்தில் இருந்த பரு வடு போயிற்று, கழுத்தின் நிறம் வெளுத்தது, மூக்குத்தியின் நிழல்கூடக் காணாமல் போயிற்று. தங்கை எட்டிப் பார்த்து, "இது யாருண்ணே?" என்றாள். "இருந்தபடியே குடுத்துடுங்கண்ணே" என்றேன். பழைய படத்துக்குத் திரும்பினார். மூக்குத்தி மறுபடி மின்னியது.

ஸ்டுடியோவில் வெளிச்சம் சரிசெய்வது தப்பில்லை. தோலின் நிறத்தையும் முகத்தின் அமைப்பையும் தொடக்கூடாது. இதைப் படம் எடுக்கும் முன்பே சொல்லிவிடுங்கள். கைபேசியில் எடுத்தாலும் 'பியூட்டி' வசதியை அணைத்துவிடுங்கள். பல மாடல்களில் செல்ஃபி கேமராவில் அது தானாகவே ஆன் ஆகியிருக்கும், கவனியுங்கள்.

பெண் வீட்டாருக்கு ஒரு வார்த்தை: படம் எல்லாருக்கும் தெரிய வேண்டியதில்லை. நீங்கள் ஏற்றுக்கொண்டவருக்கு மட்டும் படம் தெரியும்படி வைக்கும் வசதி பெரும்பாலான தளங்களில் உண்டு. பாதுகாப்புக்காகப் படத்தை மூடி வைப்பது வேறு, படத்தை மாற்றிப் போடுவது வேறு. முன்னதைத் தாராளமாகச் செய்யுங்கள்.

5. உயரம், எடை, நிறம்

சுவரோடு ஒட்டி, வெறுங்காலோடு நின்று, தலைமேல் ஒரு புத்தகத்தை மட்டமாக வைத்துப் பென்சிலால் கோடு போட்டு அளந்துகொள்ளுங்கள். வந்த அளவை அப்படியே எழுதுங்கள். ஆண்களில் 5 அடி 6 அங்குலம் இருப்பவர் 5 அடி 8 என்று போடுவது அவ்வளவு சகஜம். பெண் ஹீல்ஸ் இல்லாமல் பக்கத்தில் வந்து நின்றாலே தெரிந்துவிடும்.

நிறம் என்ற கட்டத்தை நிரப்பாமல் விட்டுவிடுங்கள். 2020-ல் ஷாதி டாட் காம் பயனர்களின் எதிர்ப்புக்குப் பிறகு நிறத்தைக் கொண்டு வடிகட்டும் வசதியை எடுத்துவிட்டது. படம் சரியாக இருந்தால் நிறத்தை எழுத்தில் சொல்ல வேண்டிய அவசியம் இல்லை.

6. சம்பளம்: இங்கேதான் அதிகம் சிக்கல்

'ஆண்டு வருமானம்' என்ற இடத்தில் சிலர் சி.டி.சி.யை, அதாவது நிறுவனம் ஓர் ஊழியருக்காக ஆண்டுக்குச் செய்யும் மொத்தச் செலவைப் போடுகிறார்கள், சிலர் கையில் வருவதைப் பன்னிரண்டால் பெருக்கிப் போடுகிறார்கள். இரண்டு பேருமே பொய் சொல்லவில்லை. ஆனால் கல்யாணம் முடிந்து முதல் மாதம் வாடகையும் மளிகையும் பார்க்கும்போது வித்தியாசம் தெரியும்.

ஓர் எடுத்துக்காட்டு சொல்கிறேன். சி.டி.சி. 12 லட்சம், அதில் பேசிக் (அடிப்படைச் சம்பளம்) பாதி, அதாவது 6 லட்சம் என்று வைத்துக்கொள்வோம்.

- நிறுவனம் கட்டும் பி.எஃப். (வருங்கால வைப்பு நிதி), பேசிக்கில் 12 சதவீதம்: 72,000
- கிராஜுவிட்டி (பணிக்கொடை), பேசிக்கில் சுமார் 4.81 சதவீதம்: 28,860
- வருஷக் கடைசியில் தரலாம், தராமலும் போகலாம் என்கிற வேரியபிள் பே, சி.டி.சி.யில் 10 சதவீதம்: 1,20,000
- ஊழியர் பங்கு பி.எஃப்.: 72,000

இவை போனால் மிச்சம் 9,07,140. மாதத்துக்கு சுமார் 75,600. தொழில் வரி, குழு மருத்துவக் காப்பீடு என்று ஏதாவது பிடித்தால் இன்னும் குறையும். பி.எஃப்.பை 15,000 ரூபாய் ஊதியத்துக்கு மட்டும் பிடிக்கிற நிறுவனம் என்றால் கொஞ்சம் கூடும். ஆக 'மாசம் ஒரு லட்சம் சம்பளம்' என்று மாமா ஊரெல்லாம் சொல்லி வைத்தது கையில் முக்கால் லட்சமாக வருகிறது.

என் யோசனை: கட்டத்தில் சி.டி.சி. போட்டால், அறிமுகப் பத்தியில் 'கையில் மாதம் சுமார் இவ்வளவு' என்று சேர்த்து எழுதுங்கள். தொகையை வெளிப்படையாகப் போட விருப்பமில்லை என்றால் 'சொல்ல விரும்பவில்லை' என்ற தேர்வு சில தளங்களில் உண்டு. அதை எடுத்துக்கொண்டு முதல் போன் பேச்சில் சொல்லுங்கள். கூட்டி எழுதுவதைவிட எழுதாமல் விடுவது எவ்வளவோ மேல்.

கடனையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். கல்விக் கடன், வீட்டுக் கடன், அக்கா கல்யாணத்துக்கு வாங்கிய நகைக் கடன், எதுவாக இருந்தாலும் மாதத் தவணை எவ்வளவு, எப்போது முடியும் என்பது தெரிந்தால் போதும். கடன் இருக்கிறது என்பதால் வரன் தட்டிப்போனதை நான் அதிகம் பார்க்கவில்லை. கடன் இருப்பது நிச்சயதார்த்தத்துக்குப் பிறகு தெரிந்து தட்டிப்போனதைப் பார்த்திருக்கிறேன்.

ஐ.டி. வேலை என்றால் 'கம்பெனி ரோலா, கான்ட்ராக்டா' என்று கேட்பார்கள். வெளிநாடு என்றால் விசா வகையை எழுதுங்கள். 'அமெரிக்காவில் செட்டில்' என்று எழுதுவதற்கும் 'எச்-1பி (தற்காலிக வேலை) விசாவில் இருக்கிறார், கிரீன் கார்டு (நிரந்தரக் குடியிருப்பு அனுமதி) வரவில்லை' என்று எழுதுவதற்கும் பெரிய வித்தியாசம். கூடப் போகிறவர் அங்கே வேலைக்குப் போக முடியுமா என்பதே அதைப் பொறுத்தது.

7. மறைக்கலாமா என்று தோன்றும் விஷயங்கள்

முந்தைய கல்யாணம், குழந்தை, உடல்நலம், மனநலத்துக்கு எடுத்துக்கொள்ளும் மருந்து, நின்றுபோன நிச்சயம், குடிப்பழக்கம். 'பேசி நெருக்கமானதும் சொல்லிக்கலாம்' என்றுதான் உறவினர்கள் அறிவுரை சொல்வார்கள். நான் வேறு வரிசை சொல்கிறேன்.

புரொஃபைலிலேயே இருக்க வேண்டியவை: முந்தைய கல்யாணம், குழந்தை இருப்பது, குழந்தை யாரிடம் வளர்கிறது, பழக்கவழக்கங்கள், வெளியே தெரிகிற உடல் குறை.

முதல் இரண்டு போன் பேச்சுக்குள் சொல்ல வேண்டியவை: தொடர்ந்து மருந்து சாப்பிடுகிற நோய், மனநல சிகிச்சை, குழந்தைப்பேறு சம்பந்தமாக ஏற்கெனவே தெரிந்த சிக்கல், நின்றுபோன நிச்சயம், கடன். கடனைத் தவிர மற்றவற்றைத் தளத்தில் ஊருக்கே எழுத வேண்டாம். ஆனால் பெண் பார்க்க நாள் குறிப்பதற்கு முன் சம்பந்தப்பட்டவருக்குத் தெரிந்துவிட வேண்டும். பெரியவர்கள் வழியாகச் சொல்லி அனுப்பாமல், கல்யாணம் செய்துகொள்ளப் போகிறவர் தானே தன் வாயால் சொல்வது நல்லது. நடுவில் வருகிறவர்கள் 'சின்ன சுகர்' என்று ஆக்கிவிடுவார்கள்.

சட்டமும் தெரிந்திருக்கட்டும். இந்து திருமணச் சட்டம் 1955-ன் 12-வது பிரிவின்படி, மணமக்களில் ஒருவரைப் பற்றிய முக்கியமான உண்மையை மறைத்து வஞ்சகமாகச் சம்மதம் வாங்கியிருந்தால், மற்றவர் நீதிமன்றம் போய் அந்தத் திருமணத்தை ரத்து செய்யக் கோரலாம். வஞ்சகம் தெரியவந்த ஓர் ஆண்டுக்குள் மனு போட வேண்டும். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதா என்ற புதிய குற்றவியல் சட்டத்தின் 69-வது பிரிவு, அடையாளத்தை மறைத்து மணம் செய்து உறவு கொள்வதையும் வஞ்சகத்தில் சேர்க்கிறது. தண்டனை பத்தாண்டு வரை போகலாம்.

விவாகரத்து வழக்கு நடந்துகொண்டிருக்கிறது என்றால் 'விவாகரத்தானவர்' என்று போடக் கூடாது. 'தீர்ப்புக்குக் காத்திருப்பவர்' என்று தனித் தேர்வு இருக்கும். தீர்ப்பு வந்தாலும் மேல்முறையீட்டுக்கான காலம் முடிந்ததா என்று வக்கீலிடம் கேட்டுக்கொண்ட பிறகே கல்யாணத் தேதி பேசுங்கள். சான்றிட்ட நகலுக்குத் தீர்ப்பு வந்த உடனே மனு போட்டுவிடுங்கள். கையில் வரச் சில வாரம் ஆகலாம்.

8. அறிமுகப் பத்தி

'நல்ல குடும்பப் பாங்கான, பண்பான, எளிமையான, ஆன்மிக நாட்டமுள்ள, நவீன சிந்தனையும் பாரம்பரியமும் கலந்த...' என்று ஆயிரம் பேர் எழுதியிருக்கிறார்கள். இப்போது ஏ.ஐ. செயலியிடம் கேட்டால் அதையே இன்னும் அழகாக எழுதித் தந்துவிடும். படிக்கிறவருக்கு அதிலிருந்து ஒரு விஷயமும் தெரியாது. அதற்குப் பதில், ஒரே வீட்டில் வாழப்போகிற ஒருவருக்கு எது தெரிய வேண்டுமோ அதை எழுதுங்கள். ஒரு மாதிரி:

'சொந்த ஊர் திண்டுக்கல் பக்கம். சென்னையில் வேலை, வாடகை வீடு. அம்மா என்னோடு இருக்கிறார், கல்யாணத்துக்குப் பிறகும் இருப்பார். மாதத்தில் ஒரு வாரம் நைட் ஷிஃப்ட் உண்டு. அசைவம் சாப்பிடுவேன், குடிப்பதில்லை. அம்மா கூப்பிட்டால் கோயிலுக்குப் போவேன், எனக்காக விரதம் எதுவும் இல்லை. கல்விக் கடன் இன்னும் இரண்டு வருஷம் இருக்கிறது. மனைவி வேலைக்குப் போவது அவர் விருப்பம். வெளிநாடு போகும் எண்ணம் எனக்கு இல்லை.'

இதைப் படித்து வெளிநாட்டு வாழ்க்கை தேடுகிற பெண் விலகிவிடுவார். மாமியாரோடு இருக்க விருப்பமில்லாதவரும் விலகுவார். இரண்டுமே உங்களுக்கு நல்லதுதான்.

வீட்டில் எப்படிப் பேசுவீர்களோ அந்தத் தமிழிலேயே எழுதுங்கள். ஆங்கிலத்தில் எழுதினால்தான் மதிப்பு என்று எண்ணிப் பிறர் எழுதியதை எடுத்து ஒட்டாதீர்கள். முதல் போனிலேயே அந்த வித்தியாசம் காதில் விழும்.

9. எதிர்பார்ப்பு: வீட்டில் ஒப்புக்கொண்டதை மட்டும்

வயது, படிப்பு, ஊர், உணவு என்று கட்டங்கள் வரும், அவை எளிது. ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்ல வேண்டும். 'சாதி தடையில்லை' என்ற கட்டத்தில் டிக் போடும் முன் அப்பா அம்மாவிடம் நேராகக் கேளுங்கள். தளத்தில் தடையில்லை என்று இருக்கும். நம்பிப் போன் செய்தால், 'அது பையன் போட்டது, நாங்க நம்ம ஆளுங்களைத்தான் பார்க்கிறோம்' என்று பதில் வரும். போனை வைத்த பிறகு அந்தப் பக்கத்துப் பெண் மனம் என்ன பாடுபடும்! தடையில்லை என்று எழுதினால் கடைசி வரை அதில் நில்லுங்கள். நிற்க முடியாது என்றால் எழுதாதீர்கள்.

வரதட்சணை, நகை பற்றிய எதிர்பார்ப்பு எதுவும் வேண்டாம், கேட்பதே குற்றம். 'உங்க பொண்ணுக்கு நீங்க செய்யறதைச் செய்யுங்க' என்கிற சுற்றுப்பேச்சு வந்தால் அங்கேயே நிறுத்திவிடுங்கள்.

10. எப்போது பணம் கட்டுவது

பதிவு செய்வது பெரும்பாலும் இலவசம். புரொஃபைலும் படமும் தளத்தாரின் சரிபார்ப்பு முடிந்து வெளிவர ஓரிரு நாள் ஆகலாம். தொடக்கத்தில் புது வரவு என்று மேலே காட்டலாம். அப்போதுதான் நிறைய பேர் பார்ப்பார்கள். அதனால் அரைகுறையாகப் பதிவு செய்துவிட்டு 'அப்புறம் நிரப்பலாம்' என்று விடாதீர்கள். மேலே சொன்ன எல்லாம் கையில் தயாரான பிறகே வெளியிடுங்கள்.

கட்டணப் பேக்கேஜ் மூன்று மாதத்துக்குச் சில ஆயிரம் ரூபாய் வரும். தளத்தாரே ஆள் வைத்துத் தேடித் தருகிற திட்டங்கள் அதைப் போலப் பல மடங்கு. பதிவு செய்த அன்றே டெலிகாலர் அழைப்பு தொடங்கிவிடும். 'இன்னைக்கு மட்டும்தான் இந்த ஆஃபர்' என்பார்கள். அதே ஆஃபர் அடுத்த வாரமும் வரும். முதல் மாதம் இலவசமாகவே பாருங்கள். உங்கள் ஊர், வயது, எதிர்பார்ப்புக்கு ஏற்ற வரன்கள் போதிய அளவில் அங்கே இருக்கின்றனவா என்று தெரிந்த பிறகு கட்டுங்கள்.

கட்டும் முன் இவற்றைப் பாருங்கள்: எத்தனை போன் எண்கள் பார்க்கலாம், பயன்படுத்தாவிட்டால் பணம் திரும்புமா (பெரும்பாலும் திரும்பாது), தானாகப் புதுப்பிக்கும் வசதி ஆன் ஆகியிருக்கிறதா. யு.பி.ஐ.யில் ஆட்டோபே ஒப்புதல் கொடுத்திருந்தால், உங்கள் பேமென்ட் செயலிக்குள் போய் அதை ரத்து செய்துவிடலாம்.

ஆடியிலும் மார்கழியிலும் பேச்சு மந்தமாகத்தான் இருக்கும். அந்த மாதங்களில் பேக்கேஜ் நாட்களை வீணாக்காமல், ஆவணியிலோ தையிலோ தொடங்கும்படி கட்டுவது லாபம்.

11. எதிர்ப்பக்கத்தைச் சரிபார்ப்பது

நீங்கள் உண்மையாக எழுதியிருந்தால் கேட்கவும் கூச்சம் இருக்காது. முதலில் உங்கள் ஆவணத்தை நீட்டிவிட்டு அவர்களுடையதைக் கேளுங்கள்.

திருமணத் தளங்களுக்காக மத்திய அரசு 2016-ல் ஒரு நெறிமுறை வெளியிட்டது. இந்தத் தளங்கள் திருமணத்துக்கு மட்டுமே, டேட்டிங்குக்கு அல்ல என்பதும், பயனரின் அடையாளத்தை ஆவணம் கொண்டு உறுதிசெய்ய வேண்டும் என்பதும் அதில் உண்டு. ஆனால் தளத்தில் தெரிகிற 'சரிபார்க்கப்பட்டது' என்ற பச்சைக் குறி, போன் எண்ணையோ அடையாள அட்டையையோ பார்த்தார்கள் என்று மட்டுமே சொல்கிறது. சம்பளத்துக்கோ, கல்யாணம் ஆகாதவர் என்பதற்கோ அது சாட்சி ஆகாது.

வரிசையாக இப்படிச் செய்யலாம்:

முதல் வாரத்திலேயே வீடியோ காலில் பேசுங்கள். கேமரா ரிப்பேர், ஆபீஸில் தடை என்று தொடர்ந்து தட்டிக் கழிக்கிறவரை விட்டுவிடுங்கள். படத்தை கூகுள் லென்ஸில் போட்டால் வேறு எவருடைய படமாவது என்று சில நேரம் தெரிந்துவிடும். பெயரை நீதிமன்ற வழக்கு விவரம் உள்ள இ-கோர்ட்ஸ் தளத்தில் மாவட்டமும் ஆண்டும் கொடுத்துத் தேடுங்கள். எல்லா வழக்கும் அதில் வராது, ஒரே பெயரில் பலர் இருப்பார்கள், அதனால் கிடைத்ததை வைத்து முடிவு கட்டாமல் அவரிடமே கேளுங்கள்.

ஆதார் நகல் பரிமாறுவது என்றால் மாஸ்க்டு ஆதார் மட்டும். ஆதார் ஆணையத்தின் தளத்தில் இறக்கிக்கொள்ளலாம். கடைசி நாலு இலக்கம் மட்டுமே தெரியும். நகலின் குறுக்கே 'திருமணப் பேச்சுக்காக மட்டும்' என்று தேதியோடு எழுதி அனுப்புங்கள். பான் நகலும் வங்கி ஸ்டேட்மென்டும் யாருக்கும் அனுப்பத் தேவையில்லை. பே ஸ்லிப்பை நேரில் சந்திக்கும்போது காட்டினால் போதும்.

கடைசியில் சொந்த ஊரில் ஓர் ஆளை வைத்து விசாரிப்பதை விடாதீர்கள். பக்கத்து வீடு, மளிகைக் கடை, படித்த கல்லூரி நண்பர்கள், வேலை பார்க்கும் இடத்தில் ஒருவர். இணையத்தில் கிடைக்காத நூறு விஷயம் அங்கே கிடைக்கும்.

பணம் என்ற பேச்சு எந்த வடிவில் வந்தாலும் தொடர்பை அறுத்துவிடுங்கள். லண்டனிலிருந்து பரிசுப் பார்சல் அனுப்பினேன், கஸ்டம்ஸில் மாட்டிக்கொண்டது, கட்டணம் கட்டு என்பது பழைய முறை. பல வாரம் அன்பாகப் பேசிவிட்டு, நல்ல லாபம் தருகிற டிரேடிங் செயலியில் பணம் போடச் சொல்வது இப்போதைய முறை. பணம் போய்விட்டது என்றால் வெட்கப்பட்டுத் தாமதிக்காமல் உடனே சைபர் குற்ற உதவி எண் 1930-க்குப் போன் செய்யுங்கள்; சைபர்கிரைம் டாட் கவ் டாட் இன் தளத்திலும் புகார் கொடுங்கள். முதல் சில மணி நேரத்துக்குள் சொன்னால் அந்தக் கணக்கில் பணத்தை முடக்கிவைக்க வாய்ப்பு அதிகம். பேச்சுப் பதிவுகளை அழிக்காதீர்கள்.

12. முடிந்ததும் கணக்கை மூடுங்கள்

நிச்சயம் ஆன அன்றே புரொஃபைலை மறையுங்கள், கல்யாணம் முடிந்ததும் நிரந்தரமாக அழியுங்கள். 'மறை' என்பதும் 'அழி' என்பதும் தளத்தில் தனித்தனி. மறைத்தால் படமும் விவரமும் அவர்களிடமே இருக்கும். செட்டிங்ஸில் உள்ளே போய் அழிக்க வேண்டும். காரணம் கேட்டு ஒரு படிவம் வரும், சில தளங்களில் வாடிக்கையாளர் சேவைக்கு மெயிலும் அனுப்ப வேண்டியிருக்கும். ஒன்றுக்கு மேற்பட்ட தளத்தில் பதிவு செய்திருந்தால் பட்டியல் போட்டு ஒவ்வொன்றாக மூடுங்கள். ஜாதகம் கொடுத்து வைத்த புரோக்கர்கள், வாட்ஸ்அப் வரன் குழுக்கள் இவர்களிடமும் 'முடிந்துவிட்டது, படத்தை எடுத்துவிடுங்கள்' என்று சொல்லுங்கள். உங்களிடம் வந்து சேர்ந்த மற்ற வீடுகளின் ஜாதகமும் படமும் ஆதார் நகலும் கைபேசியில் கிடக்கும். அவற்றையும் அன்றே அழித்துவிடுங்கள், கேலரியின் குப்பைத் தொட்டியில் இருப்பதையும் சேர்த்து.